புள்ளியம்மாவுக்கு நாற்பது நிமிட இருட்டு

மேடையில் வீற்றிருக்கும் வான் ஆய்வகத் தலைவர் அவர்களே! அளவீட்டு அறையின் நண்பர்களே! பட்டறைத் தோழர்களே! வேலை நேரத்தில் வேலையைப் போட்டுவிட்டுச் சாலையைக் கடந்து வந்திருக்கும் கிடங்கு மேலாளர் அவர்களே! முதல் வரிசையில், தாயின் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும் மகளே! துயரத்தோடு கூடியிருக்கும் அவையோரே! உங்கள் எல்லோருக்கும் என் வணக்கம்.

எனக்குப் பத்து நிமிடம் ஒதுக்கியிருக்கிறார்கள். எனக்குப் பிறகு இரண்டு நிமிட மௌனம் என்று அழைப்பிதழில் போட்டிருக்கிறது. பத்து நிமிடத்தை நான் தாண்டுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள். சூரியன் ஆறு மணி நான்கு நிமிடத்துக்கு மறைகிறது, அதற்குள் முடித்துவிடுவேன். இடையிடையே நான் மேற்குப் பக்கச் சன்னலைப் பார்த்தால், இந்த ஆளுக்குப் பேச்சில் கவனமில்லை என்று எண்ணிவிடாதீர்கள். காரணம் இருக்கிறது. அதைச் சொல்லத்தான் வந்திருக்கிறேன். சொன்ன பிறகு உங்களில் எத்தனை பேர் என் முகத்தில் விழிப்பீர்கள் என்று தெரியாது.

யார் நான்? முப்பத்தொரு ஆண்டுகளாக இந்த ஆய்வகத்தின் பெரிய தொலைநோக்கியை ஓட்டுகிறவன். சிலர் பேருந்து ஓட்டுகிறார்கள், சிலர் லாரி ஓட்டுகிறார்கள், நான் இதை ஓட்டுகிறேன். வானத்தில் எந்த இடத்தைக் காட்டச் சொல்கிறார்களோ அந்த இடத்துக்குத் திருப்புவேன், படம் எடுப்பேன், பதிவேட்டில் நாளும் நேரமும் எழுதுவேன். அந்தப் படங்களில் என்ன இருக்கிறது என்று பார்ப்பது என் வேலை இல்லை. அது அவர் வேலை.

அவர் யார்? இந்தப் படத்தில் சிரித்துக்கொண்டிருக்கிறாரே, அளவீட்டு அறையின் அரசி, நம் புள்ளியம்மா! பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளப் பதிவேட்டில் இருந்தது. நமக்கெல்லாம் அவர் புள்ளியம்மாதான். காலை ஒன்பது மணிக்குக் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்தால் மாலைவரை புள்ளிகள். ஒரே வானத்துண்டை வெவ்வேறு நாளில் எடுத்த படங்களைத் திரையில் மாற்றி மாற்றிப் போடுவார். விண்மீன்கள் அசையாமல் நிற்கும். எது இடம் மாறியிருக்கிறதோ அது நம் சூரியனைச் சுற்றுகிற ஏதோ ஒன்று. வேகமாக ஓடுவதைக் கணிப்பொறியே பிடித்துவிடும். மிகமிகத் தொலைவில், ஆமைக்கே பொறுமை போகிற வேகத்தில் நகர்கிற குறுங்கோள்களைக் கணிப்பொறி தூசி என்று தள்ளிவிடும். கணிப்பொறி தள்ளிய அந்தக் குப்பையைத்தான் அவர் கிளறினார். ஒரு நாள் இரண்டு நாள் இல்லை, பத்தொன்பது ஆண்டுகள் கிளறினார்!

குறுங்கோள் என்றால் என்ன என்று கிடங்கு மேலாளர் ஒரு முறை அவரிடம் கேட்டிருக்கிறார். சூரியனைச் சுற்ற வேண்டும், தன் எடையாலேயே உருண்டு திரண்டிருக்க வேண்டும். ஆனால் தான் போகிற பாதையில் கிடக்கிற மற்ற கற்களை விலக்கிச் சுத்தம் செய்யாமல் விட்டிருந்தால், அது முழுக் கோள் இல்லை, குறுங்கோள். இதைச் சொல்லிவிட்டு அவர் என்ன சொன்னார் தெரியுமா?

"பாதைய சுத்தம் பண்ணலன்னு புளூட்டோவ ஒதுக்கி வச்சுட்டாங்க சார். எங்க வீட்டு மாடிப்படியிலகூடத்தான் பழைய பேப்பர் கட்டு, செருப்பு, உடைஞ்ச குடை எல்லாம் கிடக்கு. அதுக்காக அது வீடு இல்லைன்னு ஆயிடுமா?"

மேலாளர் சிரிக்கிறார், பாருங்கள். அழுதுகொண்டே சிரிக்கிறார். அந்த நட்பே ஒரு சண்டையில் ஆரம்பித்ததுதான். கிடங்கு முற்றத்தில் இருபத்திரண்டு விளக்குகள். அவற்றின் வெளிச்சம் மேலே போய் எங்கள் படங்களை வெளுக்க வைத்தது. நாங்கள் மூன்று ஆண்டுகளாக மனு எழுதிக்கொண்டிருந்தோம். புள்ளியம்மா நேராகப் போய்க் கிடங்குக் கதவைத் தட்டினார். "விளக்குக்கெல்லாம் தொப்பி போடுங்க சார், வெளிச்சம் கீழ மட்டும் விழட்டும்." மேலாளர் முறைத்தார். "ஏம்மா, திருடன் வந்தா யார் பார்க்குறது?" புள்ளியம்மா அசரவில்லை. "எங்க அண்ணன் ராத்திரி பூரா முழிச்சுக்கிட்டுதான் இருக்காரு. ஆனா அவரு மேலயேதான் பார்ப்பாரு. உங்க திருடனுக்குச் சிறகு இருந்தா கண்டிப்பா பிடிச்சுத் தருவாரு." இருபத்திரண்டு விளக்குக்கும் ஒரே வாரத்தில் தகரத் தொப்பி வந்தது.

அண்ணன் என்றது என்னைத்தான். கூடப் பிறக்காத அண்ணன். அவர் மகளுக்கு நான் மாமா.

அளவீட்டு அறைச் சுவரை நீங்கள் எல்லோரும் பார்த்திருப்பீர்கள். அட்டையில் வட்டம் வெட்டி, வண்ணம் தீட்டி, ஐந்து ஆணியில் மாட்டியிருந்தார். சீரிஸ், புளூட்டோ, ஹௌமியா, மேக்மேக், ஏரிஸ். ஹௌமியா மட்டும் வட்டமாக இராது. நான்கு மணி நேரத்துக்கு ஒரு சுற்று என்று தலைதெறிக்கச் சுழன்று நீண்டுபோன உருவம். அதைக் கத்தரிக்கும்போது, "இது ஒண்ணுதான் என்ன மாதிரி, உட்கார நேரமில்லாம நீண்டு போச்சு" என்றார். ஐந்து அட்டைக்குப் பக்கத்தில் ஆறாவதாக வெறும் ஆணி ஒன்று இருந்தது. அது எதற்கு என்று கேட்டால் "வர்றவங்களுக்கு" என்பார்.

வந்தது, தோழர்களே! இரண்டரை ஆண்டுக்கு முன் ஒரு திங்கட்கிழமை, பகல் பதினொன்றேகாலுக்கு வந்தது! அவர் தொலைபேசியில் என்னை எழுப்பினார். நான் பகலில் தூங்குகிறவன். "அண்ணா, மூணு படத்துல ஒரு புள்ளி. ஒரே கோட்டுல மூணு இடம். நகருது அண்ணா, நகர்ந்தும் நகராம நகருது." சட்டைப் பொத்தானை மாற்றிப் போட்டுக்கொண்டு ஓடினேன். திரையில் பார்த்தேன். எனக்கு ஒன்றும் தெரியவில்லை. அவர் விரல் வைத்துக் காட்டினார். அப்போதும் தெரியவில்லை. "தெரியுது" என்று சொல்லிவிட்டேன். அந்த மகிழ்ச்சியில் யாரால் இல்லை என்று சொல்ல முடியும்? சூரியனை ஒரு முறை சுற்ற ஏறக்குறைய எழுநூறு ஆண்டுகள் எடுக்கும் ஒன்று! அன்று மாலையே ஆறாவது அட்டையை வெட்டி வைத்தார். வண்ணம் மட்டும் தீட்டவில்லை. "என்ன நிறம்னு தெரியாம எப்படித் தீட்டுறது, பாவம்" என்றார்.

பிறகு நடந்தது உங்களுக்குத் தெரியும். முதல் புள்ளிக்கும் இரண்டாம் புள்ளிக்கும் எவ்வளவு தூரமோ, ஏறக்குறைய அதே தூரம்தான் இரண்டாவதற்கும் மூன்றாவதற்கும். ஆனால் பதிவின்படி முதல் தூரத்தைக் கடக்க அதற்கு மூன்று நாள் ஆனது. அடுத்த தூரத்தைக் கடக்க ஐந்து நாள். வானத்தில் எதுவும் அப்படி நடக்காது. ஓடி, பிறகு நொண்டி நடக்கிற குறுங்கோள் கிடையாது. சரிபார்க்கும் குழு எழுதியது: இவை ஒரே பொருளின் மூன்று இடங்கள் அல்ல, ஒன்றோடொன்று தொடர்பில்லாத மூன்று கறைகள். ஆனாலும் மூன்று மாதம் கழித்து மறுபடி தேட ஓர் இரவு கொடுத்தார்கள். கணக்கு காட்டிய இடத்துக்குத் தொலைநோக்கியைத் திருப்பினேன். அங்கே எதுவும் இல்லை. போலிப் புள்ளிகள் பட்டியலில் ஏற்றிச் சிவப்புக் கோடு அடித்தார்கள்.

அதுவரை செல்லமாகச் சொன்ன பெயரைச் சிலர் கேலியாகச் சொல்ல ஆரம்பித்தார்கள். "என்ன புள்ளியம்மா, இன்னைக்கு எத்தனை கறை?" இங்கே உட்கார்ந்திருக்கிறவர்களும் சொன்னீர்கள். நானும் பக்கத்தில் நின்று சிரித்திருக்கிறேன், மறைப்பானேன்?

அவர் என்ன செய்தார்? கண் மருத்துவரிடம் போனார். ஒரு முறை இல்லை, மூன்று முறை போனார். "கண்ணுல ஒண்ணும் இல்லம்மா" என்றார் மருத்துவர். "அப்ப மூளையிலயா டாக்டர்?" என்று கேட்டுவிட்டு வந்து, அதையும் ஒரு நகைச்சுவையாக எங்களிடம் சொன்னார். அடுத்த வாரம் ஆறாவது ஆணியைப் பிடுங்கிவிட்டார். சுவரில் ஓட்டை மட்டும் இருக்கிறது, போய்ப் பாருங்கள். பத்தொன்பது ஆண்டுகள் குப்பை கிளறியவர், இனி என் கண்ணை நம்பி யாரும் எதுவும் எழுத வேண்டாம் என்று நூலகப் பிரிவுக்கு மாற்றல் வாங்கிக்கொண்டார்.

மகளே, நீங்கள் அப்போது வெளியூரில் வேலையில் இருந்தீர்கள். அம்மா ஏன் தொலைபேசியில் வானத்தைப் பற்றிப் பேசுவதை நிறுத்திவிட்டார் என்று என்னிடம் கேட்டீர்கள். "வயசாகுதுல்லம்மா" என்று பதில் சொன்னேன்.

கடைசியாக மருத்துவமனையில் பார்த்தேன். எப்போதும் நிமிர்ந்து உட்காருகிறவர், படுக்கையோடு படுக்கையாகக் கிடந்தார். என் கையைப் பிடித்துக்கொண்டு, மூச்சு வாங்க வாங்கக் கேட்டார்: "அண்ணா, உண்மையச் சொல்லுங்க. அந்தப் புள்ளிய நான் பார்த்தேனா? இல்ல, பார்க்கணும்னு ஆசைப்பட்டதால பார்த்தேனா?"

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "விடும்மா. யானைக்கும் அடி சறுக்கும். மனுஷன்னா தப்பு வரும்." அவர் தலையை ஆட்டினார். "ஆமாண்ணா, தப்பு வரும்" என்று சொல்லிவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். நான்காம் நாள் போய்விட்டார்.

அவையோரே, இதுவரை நான் பேசியது இரங்கல் உரை. இனி பேசப்போவதற்கு என்ன பெயர் வைப்பீர்களோ, வைத்துக்கொள்ளுங்கள்.

இந்தக் கூட்டத்தில் பேச வேண்டும் என்று என்னைக் கேட்டதும், அந்தப் புள்ளி கிடைத்த இரவுகளின் தேதியைச் சரியாகச் சொல்ல வேண்டுமே என்று என் பழைய பதிவேட்டை எடுத்தேன். அது கையால் எழுதிய பதிவேடு. என் அலமாரியில், என் பூட்டுக்குள் இருப்பது. எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. ஓர் இரவுக்கு ஒரே தேதி. மாலையில் வேலை தொடங்கும்போது என்ன தேதியோ அதைப் பக்கத்தின் தலையில் எழுதிவிடுவோம். விடியும்வரை அந்தப் பக்கம்தான். பிறகு கணிப்பொறியில் ஏற்றும்போது, நள்ளிரவுக்குப் பின் எடுத்த படங்களுக்கு மட்டும் ஒரு நாளைக் கூட்டிப் போட வேண்டும். வழக்கமாகக் கேமராவே தேதியைப் பதிந்துவிடும். அந்த மூன்று வாரம் மட்டும் கேமராவின் கடிகாரம் பழுது. நான்தான் கையால் ஏற்றினேன்.

முதல் படம், ஏழாம் தேதி, இரவு பதினொரு மணி. மூன்றாம் படம், பதினைந்தாம் தேதி, அதே பதினொரு மணி. இரண்டாவது படம்? பக்கத்தின் தலையில் பதினொன்று என்று இருக்கிறது. நேரம், இரண்டு மணி இருபது நிமிடம். நள்ளிரவு தாண்டிவிட்டது. அப்படியானால் அது பன்னிரண்டாம் தேதி. கணிப்பொறியில் நான் என்ன ஏற்றியிருக்கிறேன்? பதினொன்று!

கேட்டீர்களா? மூன்று நாளும் இல்லை, ஐந்து நாளும் இல்லை. நான்கும் நான்கும்! அந்தப் புள்ளி ஓடவில்லை, நொண்டவில்லை. ஒரே சீராக, யார் நம்பினாலும் நம்பாவிட்டாலும், தன் வழியில் நடந்துகொண்டிருந்தது. புள்ளியம்மாவின் கண்ணில் கோளாறு இல்லை! மூளையில் கோளாறு இல்லை! ஆசையில்கூடக் கோளாறு இல்லை! கோளாறு இதோ இந்த விரல்களில் இருந்தது. பழி ஓரிடம், பாவம் ஓரிடம்.

ஒரு நாள். வெறும் ஒரு நாளைக் கூட்ட மறந்தேன். அதற்கு அவர் இரண்டரை ஆண்டு தண்டனை அனுபவித்தார். தன்வினை தன்னைச் சுடும் என்பார்கள். என்வினை அவரை அல்லவா சுட்டது! தான் செய்யாத தப்புக்கு அவர் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தார். தப்பு செய்த நான் பக்கத்தில் உட்கார்ந்து அவருக்கு ஆறுதல் சொன்னேன். யார் தப்புக்கு யாரை மன்னித்தேன், பாருங்கள்!

ஏன் அவர் என்னைச் சந்தேகப்படவில்லை? இதுதான் என்னைத் தூங்கவிடாமல் அடிக்கிறது. குழுவில் ஒருவர் அப்போதே கேட்டிருக்கிறார், பதிவில் பிழை இருக்குமோ என்று. புள்ளியம்மா ஒரே வரியில் அடித்துவிட்டாராம்: "பதிவேட்டுல தப்பு இருக்காது சார். எழுதுனது எங்க அண்ணன்." என் கையெழுத்தைச் சந்தேகப்படுவதற்குப் பதில் தன் கண்ணைச் சந்தேகப்பட்டார்! புள்ளியம்மா, ஒரே ஒரு முறை வந்து "அண்ணா, அந்தப் பதிவேட்டக் கொஞ்சம் காட்டுங்க"ன்னு கேட்டிருக்கக் கூடாதா? இரண்டு நிமிடத்தில் முடிந்திருக்குமே! நாமாவது ஒரு முறை திரும்பப் பார்ப்போம் என்று எனக்கு ஏன் தோன்றவில்லை? தப்பே செய்யாதவன் என்று ஊர் சொன்னதை நானும் நம்பிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன், அதனால்தான்.

மகளே, நீங்கள் எழுந்துவிட்டீர்கள். கதவுப் பக்கம் போகிறீர்கள். போங்கள், தடுக்க எனக்கு வாயில்லை. யாரும் அவரைத் தடுக்காதீர்கள், வழி விடுங்கள். ஆனால் இன்னும் ஐந்து நிமிடம், கதவருகிலேயே நின்று கேட்டுவிட்டுப் போங்கள் தாயே. மீதியும் உங்களுக்குத்தான்.

தேதியைத் திருத்திக்கொண்டு அன்றைக்கே கணிப்பொறிப் பிரிவு அம்மையாரிடம் ஓடினேன். அவர் உடனே கணக்கைத் திரும்பப் போட்டார். மூன்று புள்ளியும் ஒரே பாதையில் வந்து விழுந்தன. அந்தப் பாதையைப் பிடித்துக்கொண்டு பழைய படங்களைத் துழாவினார். ஐந்து மாதம் கழித்து வேறு யாரோ ஒரு வால்மீனுக்காக எடுக்கச் சொன்ன படத்தின் மூலையில், கணக்கு சொன்ன இடத்தில், நான்காவது புள்ளி இருந்தது. அதன் தேதியைக் கேமராவே எழுதியிருந்தது. என் கை படாதது. அம்மையார் நாற்காலியை என் பக்கம் திருப்பினார். "நீங்களே சொல்லிடுங்க அண்ணா. நான் சொன்னா நல்லா இருக்காது" என்றார்.

அப்படியானால் கொண்டாடலாமே, ஏன் இப்படிப் புலம்புகிறாய் என்பீர்கள். சொல்கிறேன். ஒரு முறை சிவப்புக் கோடு அடித்ததைத் திரும்பச் சேர்க்க, புதிதாக ஒரு படத்தில் அதைக் காட்ட வேண்டும் என்பது குழுவின் விதி. நாள் ஆக ஆக நம் கணக்கின் பிழையும் வளரும். நான்கு புள்ளியை வைத்துக்கொண்டு அடுத்த ஆண்டு எங்கே தேடுவது? அந்தக் குறுங்கோள் இப்போது மேற்கே இறங்கிக்கொண்டிருக்கிறது. நாளைக்கு அந்திவெளிச்சத்தில் மூழ்கிவிடும். பிறகு சூரியனுக்குப் பின்னால் போய்த் திரும்பி வர மாதக்கணக்கு ஆகும். நம் தொலைநோக்கியின் கண்ணாடியை நாளை மறுநாள் கழற்றி வேறிடம் கொண்டு போகிறார்கள். வேறு ஐந்து ஆய்வகங்களுக்கு எழுதிவிட்டேன். இரண்டு பேர்தான் பதில் போட்டார்கள்: விண்ணப்பம் அனுப்புங்கள், அடுத்த ஆண்டு பரிசீலிக்கிறோம்.

எட்டு மாலை தொலைநோக்கிக் கூண்டின் கூரையைத் திறந்து வைத்துக்கொண்டு நின்றேன். எட்டு மாலையும் மேகம். ஒரு விண்மீன்கூடத் தெரியவில்லை. கண்கெட்ட பின் சூரிய நமஸ்காரம் என்று சொல்வார்கள். எனக்கு அந்த நமஸ்காரத்துக்குக்கூடச் சூரியன் முகம் காட்டவில்லை. கண்ணாடியைக் கழற்றும் வேலைக்காக நேற்றுக் கூண்டுக்குப் பூட்டு விழுந்தது.

தலைவர் அவர்களே, இன்று காலை உங்கள் அறைக்கு வந்தேன். "ஒரு படம் எடுக்கணும் சார்." "எதுக்கு?" என்று கேட்டீர்கள். "சும்மா ஒரு சோதனை" என்றேன். உண்மையைச் சொல்ல அப்போதும் துணிச்சல் வரவில்லை. "இரங்கல் கூட்டம் நடக்குற அன்னைக்கா?" என்று கேட்டீர்கள். நியாயமான கேள்வி. அதற்குப் பதில் இதுதான்: ஆமாம், அவருக்காகத்தான். இப்போது எல்லோர் முன்னிலையிலும் கேட்கிறேன். என்னை வேலையை விட்டுத் தூக்குங்கள். அந்தச் சிவப்புக் கோட்டை எடுத்து என் பெயர்மேல் அடியுங்கள். நாளைக் காலை எந்தக் காகிதத்தில் கையெழுத்துப் போடச் சொன்னாலும் போடுகிறேன், தேதி மட்டும் நீங்கள் போட்டுக்கொள்ளுங்கள். ஆனால் இன்று மாலை அந்தக் கூண்டின் சாவி எனக்கு வேண்டும்.

எல்லோரும் அந்தச் சன்னலைப் பாருங்கள். மதியம்வரை ஒரே சாம்பல். இப்போது கிடங்குக் கூரைக்கு மேலே ஒரு முழ அகலத்துக்குத் திறந்திருக்கிறது. அந்த முழத்துக்குள்தான் அது இருக்க வேண்டும். ஏழு மணிக்குப் படம் எடுக்கிற அளவுக்கு இருட்டும். ஏழு நாற்பதுக்கு அது கூரைக்குப் பின்னால் இறங்கிவிடும். நாற்பது நிமிடம். அதற்குள் மேகம் மூடலாம். மூடாவிட்டாலும், அடிவானத்து மங்கலில் எதுவும் பதியாமல் போகலாம். கணக்கே தவறி, அது வேறெங்கோ இருக்கலாம். நம்பிக்கையோடு பேசுகிறேன் என்று நினைக்காதீர்கள். என்னிடம் நம்பிக்கை இல்லை. வேறு வழி இல்லை, அதனால் பேசுகிறேன்.

இரண்டு நிமிட மௌனம் வேண்டாம், தோழர்களே! புள்ளியம்மா என்றைக்கு மௌனமாக இருந்தார், அவருக்கு நாம் மௌனம் காட்ட? அவருக்கு வேண்டியது இருட்டு. நாற்பது நிமிட இருட்டு கொடுங்கள்! இந்த வளாகத்தில் ஒரு விளக்கு எரியக் கூடாது. குடியிருப்பில் இருக்கிறவர்கள் வீட்டுக்கு இப்போதே சொல்லி அனுப்புங்கள், ஏழிலிருந்து ஏழு நாற்பதுவரை பிள்ளைகள் இருட்டில் கதை பேசட்டும். வண்டிகளை முகப்பு விளக்கோடு எடுக்காதீர்கள். மேலாளர் அவர்களே, இருபத்திரண்டு விளக்குக்கும் தொப்பி போட்டீர்கள். இன்றைக்குத் தொப்பி போதாது. திருடன் வந்தால் நான் பொறுப்பு என்று சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை, ஏனென்றால் இன்றைக்கும் நான் மேலேதான் பார்த்துக்கொண்டிருப்பேன்.

மேலாளர் கைபேசியை எடுத்துக்கொண்டு வெளியே போகிறார். நன்றி ஐயா.

தலைவர் அவர்களைப் பாருங்கள். சட்டைப்பையிலிருந்து சாவியை எடுத்து மேசைமேல் வைத்திருக்கிறார். இதற்கு நான் எப்படி நன்றி சொல்வேன்!

மணி ஐந்து ஐம்பத்தாறு. முடிக்கிறேன். இப்படிப்பட்ட கூட்டங்களில் மறைந்தவரின் பணியைத் தொடர்வோம் என்று உறுதி எடுப்பது வழக்கம். அவர் பணியை என்னால் தொடர முடியாது. எனக்கு அந்தக் கண் இல்லை. அன்றைக்கு அவர் விரல் வைத்துக் காட்டியும் எனக்குத் தெரியவில்லை. நான் உறுதி கொடுக்கக்கூடியது ஒன்றே ஒன்றுதான். இன்று மாலை ஏழு மணிக்கு அந்தத் தொலைநோக்கியை அந்த இடத்துக்குத் திருப்பி, அது இறங்கும்வரை விடாமல் பிடித்துக்கொண்டிருப்பேன்.

மகளே, நீங்கள் இன்னும் கதவருகில்தான் நிற்கிறீர்கள். எங்களுக்கு முதுகைக் காட்டி நிற்கிறீர்கள். திரும்ப வேண்டாம். மன்னிப்பும் கேட்கவில்லை, அதைக் கொடுக்க வேண்டியவர் போய்விட்டார். உங்கள் மடியிலிருந்த கைப்பையின் உள்ளறையில் ஒரு வட்டமான அட்டை இருக்கும், வண்ணம் தீட்டாதது. ஆணியைப் பிடுங்கியவர் அட்டையைத் தூக்கிப் போடவில்லை; மருத்துவமனையில் தலையணைக்கடியில் இருந்த அந்தக் கைப்பையில் பார்த்தேன். நீங்கள் கூண்டுக்கு வர வேண்டும் என்று கேட்க எனக்கு உரிமை இல்லை. ஆனால் பதிவேடு அங்கே திறந்திருக்கும், பக்கத்தில் பேனா இருக்கும். ஏழு மணி என்பது நள்ளிரவுக்கு வெகு முன்னால். தேதி மாறாத நேரம், சின்னப் பிள்ளைகூடச் சரியாக எழுதிவிடும். அதில்கூட என்னை நம்பாதீர்கள்.

யாராவது எழுந்து, முதலில் அவர் படத்துக்கு மேலே எரிகிற அந்த விளக்கை அணையுங்கள்.

நான் தொலைநோக்கியை ஓட்டுகிறேன் தாயே. தேதியை நீங்கள் எழுதுங்கள்.